திரைக்குப் பின்னால் ஒரு செவி

மாணவர்களே, திரைப்படம் தொடங்குகையில் நடிகரின் பெயர் தோன்றினால் அரங்கம் ஆரவாரிக்கிறது. தயாரிப்பாளரின் பெயர் தோன்றும்போது நம்மில் பலர் இருக்கையைத் தேடிக்கொண்டிருப்போம். கதையைத் தேர்ந்து, பணம் திரட்டி, கலைஞர்களை ஒன்றுசேர்ப்பவர் அவரே. படம் தோற்றால் இழப்பைத் தாங்குபவரும் அவரே.

காரைக்குடியில் 1907ஆம் ஆண்டு பிறந்த ஏ.வி. மெய்யப்பன், தம் தந்தையாரின் கடையில் இசைத்தட்டுகளை விற்றார். பின்னர்ச் சென்னையில் நண்பர்களுடன் சேர்ந்து சரஸ்வதி ஸ்டோர்ஸ் என்னும் நிறுவனத்தைத் தொடங்கி, இசைத்தட்டுகளை வெளியிட்டார். எந்தக் குரலை மக்கள் விரும்புவர் என்பதை அறியும் செவி அவருக்கு அவ்வணிகத்தில் வாய்த்திருக்க வேண்டும்.

திரைத்தொழில் அவரை எளிதில் ஏற்கவில்லை. 1935இல் அவர் தயாரித்த 'அல்லி அர்ஜுனா' தோல்வியுற்றது. அடுத்து வந்த 'ரத்னாவளி'யும் கைகொடுக்கவில்லை. ஆயினும் அவர் விலகவில்லை. 1938இல் 'நந்தகுமார்' படத்தில் தேவகியாக நடித்தவரின் பாட்டு அவருக்கு நிறைவளிக்கவில்லை. நடிகையை மாற்றாமல், லலிதா வெங்கட்ராமன் என்பவரைப் பாடச்செய்து அக்குரலைப் படத்தில் இணைத்தார். முகம் ஒருவருடையது, குரல் மற்றொருவருடையது! இன்று இயல்பாகிவிட்ட பின்னணிப் பாடல் தமிழ்த் திரையில் அவ்வாறு தொடங்கியது.

1943இல் அவர் 'சத்ய ஹரிச்சந்திரா' என்னும் கன்னடப் படத்தைத் தயாரித்தார். ஆர். நாகேந்திரராவ் இயக்க, சுப்பையா நாயுடு நடித்தார். அக்காலத்தில் ஒரு கதையை வேறு மொழியில் தர விரும்பினால் மீண்டும் படம்பிடிக்க வேண்டும். செலவு இரட்டிப்பாகும், போர்க்காலமாதலால் படச்சுருளும் அரிதாக இருந்தது. மெய்யப்பனோ காட்சிகளை அப்படியே வைத்துக்கொண்டு ஒலியை மட்டும் மாற்றினார். நடிகரின் உதடு திறக்கும் நேரத்தில் தமிழ்ச் சொல் தொடங்க வேண்டும்; உதடு மூடும்போது முடிய வேண்டும். கன்னடத்திலும் தமிழிலும் வினைச்சொல் பெரும்பாலும் வாக்கியத்தின் இறுதியில் வருவது இப்பணிக்குத் துணைசெய்திருக்கும் என்பது என் கருத்து. உங்கள் கன்னட நண்பரின் பேச்சைத் தமிழாக்கிப் பாருங்கள், புரியும். 1944இல் வெளிவந்த அப்படமே தமிழின் முதல் மொழிமாற்றுப் படம் என்பர்.

1945இல் ஏ.வி.எம். நிறுவனம் உருவாயிற்று. காரைக்குடிப் படப்பிடிப்புக் கூடத்தில் எடுக்கப்பட்ட 'நாம் இருவர்' 1947இல் வெளிவந்து பெருவெற்றி பெற்றது. பின்னர் நிறுவனம் சென்னை வடபழனிக்கு இடம்பெயர்ந்தது.

மொழிமாற்றத்திற்கு மறுபக்கமும் உண்டு. குரலை மட்டும் மாற்றிப் படங்களை வெளியிட்டால் உள்ளூர் நடிகருக்கும் தொழிலாளருக்கும் வேலை எங்கே கிடைக்கும்? கன்னடத் திரையுலகினர் பலர் இக்கேள்வியை எழுப்பி, பிறமொழிப் படங்களைக் கன்னடத்தில் மாற்றுவதைப் பல்லாண்டுகள் எதிர்த்தனர். அவ்வச்சத்தைப் பொருளற்றதெனத் தள்ளிவிட இயலாது. அண்மைக் காலத்தில்தான் அத்தகைய படங்கள் பெங்களூரு அரங்குகளுக்கு மிகுதியாக வரத் தொடங்கியுள்ளன.