இரண்டு சுரங்க ஊர்களின் தெருச்சுவை

கோலார் தங்கவயலில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு ஜான் டெய்லர் என்னும் பெயர் புதிதன்று. 1880ஆம் ஆண்டில் மைசூர் தங்கச் சுரங்கக் கம்பெனி தொடங்கப்பட்ட காலம் முதல், 1956இல் மைசூர் அரசு சுரங்கங்களை ஏற்றுக்கொள்ளும் வரை, அவற்றின் நிர்வாகத்தில் கோலோச்சியது இலண்டனைச் சேர்ந்த ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ் நிறுவனமே. அந்நிறுவனத்துக்குத் தம் பெயரை அளித்த மூத்த ஜான் டெய்லர், தங்கவயலுக்கு அரை நூற்றாண்டுக்கு முன்னரே, 1824இல், மெக்சிகோவின் ரியால் தெல் மோந்தே என்னும் மலையூரில் வெள்ளிச் சுரங்கங்களை நடத்த ஒரு கம்பெனியை அமைத்திருந்தார். அந்த மெக்சிகோ முயற்சி நட்டத்தில் முடிந்தது. ஆயினும் அது ஒரு தின்பண்டத்தை விட்டுச் சென்றது. இன்று அந்த ஊருக்கு வருமானம் ஈட்டித் தருவனவற்றுள் அத்தின்பண்டமும் ஒன்று.

அதன் கதையைக் கேட்பதற்கு மிக நல்ல வழி, ரியால் தெல் மோந்தேயையும் அதன் அருகிலுள்ள பச்சூக்கா நகரையும் வழிகாட்டி ஒருவருடன் நடந்தபடியே உண்டு பார்ப்பதுதான். ‘தெருவுணவு நடை’ என்னும் இவ்வழக்கம் இப்போது உலகெங்கும் பரவியுள்ளது. நம் மதுரையிலும் ஜிகர்தண்டா, பருத்திப்பால், கறிதோசை என்று கடை கடையாக அழைத்துச் செல்லும் நடைகள் உண்டு. முறை எங்கும் ஏறத்தாழ ஒன்றே. சிறு குழு, மூன்று நான்கு மணி நேரம், ஒவ்வொரு கடையிலும் ஒரு வாய் அல்லது இரு வாய் அளவு, கடைக்காரருக்கு வழிகாட்டியே பணம் தந்துவிடுவார். உணவைக் காட்டிலும் நாம் விலை கொடுத்து வாங்குவது வழிகாட்டியின் அறிவைத்தான். எந்தக் கடை, எந்த நேரம், எதைக் கேட்க வேண்டும், எதைத் தவிர்க்க வேண்டும் என்பதைச் சொல்ல ஒருவர் இல்லையேல், அயலூர்த் தெருவில் நாம் பசியோடு சுற்றுபவர்களே.

பச்சூக்கா, இதால்கோ மாநிலத்தின் தலைநகர். மெக்சிகோ நகரிலிருந்து சுமார் 90 கிலோமீட்டர் தொலைவு; நம் பெங்களூருக்கும் தங்கவயலுக்கும் இடையிலுள்ள தொலைவும் கிட்டத்தட்ட அதுவே. கடல்மட்டத்திலிருந்து 2,400 மீட்டர் உயரத்தில் இருப்பதால் காற்று குளிர்ந்து வீசும். நகரின் நடுவே 40 மீட்டர் உயரமுள்ள மணிக்கூண்டு நிற்கிறது. அது 1910இல் திறக்கப்பட்டது. அதைச் சுற்றியுள்ள தெருக்களில் உணவு தேடி நடப்போர் முதலில் கேட்பது பார்பகோவாவை. ஆட்டிறைச்சியைக் கற்றாழை இனத்து மாகேய் மடல்களில் பொதிந்து, தணல் நிறைந்த குழிக்குள் இரவெல்லாம் புதைத்து வேகவைக்கும் பண்டம் இது. வார இறுதிக் காலைகளில்தான் இது சிறப்பு. நண்பகலில் போனால் வெறும் பாத்திரத்தைக் காணலாம். இறைச்சியிலிருந்து வடியும் சாற்றைத் தனியே கிண்ணத்தில் தருவார்கள். நம் ஆட்டுக்கால் சூப்பை விரும்புவோருக்கு அது உடனே பிடித்துவிடும்.

இதனுடன் வரும் தோர்த்தியா என்னும் சோள அடைக்குப் பின்னால் ஒரு பழைய நுட்பம் இருக்கிறது. சோள மணிகளைச் சுண்ணாம்பு கலந்த நீரில் வேகவைத்து ஊறவிட்டுத் தோல் நீக்கி அரைப்பார்கள். அதனால் மாவு ஒன்றாகத் திரள்வதோடு, சோளத்தில் உடலுக்கு எட்டாமல் அடங்கிக் கிடக்கும் நயாசின் என்னும் சத்தும் கிடைக்கிறது. இந்த முறையை அறியாமல் சோளத்தை மட்டும் எடுத்துச் சென்ற ஐரோப்பிய நாடுகளில், அதையே முழு உணவாகக் கொண்ட ஏழைகளிடையே பெல்லாக்ரா என்னும் நோய் பரவியது. விதையோடு சமையலறிவும் பயணப்படாவிட்டால் என்ன நேரும் என்பதற்கு இது ஒரு சான்று.

பச்சூக்காவிலிருந்து மலைப்பாதையில் சிறிது தொலைவு ஏறினால் ரியால் தெல் மோந்தே. உயரம் ஏறத்தாழ 2,700 மீட்டர். மூடுபனி, சரிவான சிவப்புக் கூரைகள், கல் பாவிய குறுகிய தெருக்கள். அங்கே மூலைக்கு மூலை விற்பது ‘பாஸ்தே’. 1825இல் இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதியிலிருந்து வந்த சுரங்கத் தொழிலாளர்கள், நீராவி எந்திரங்களின் பாகங்களை வேராகுரூஸ் கடற்கரையிலிருந்து மலைமீது ஏற்றினர். கடற்கரையில் பரவிய மஞ்சள் காய்ச்சலுக்கு அவர்களுள் பலர் பலியாயினர். எஞ்சியோர் கொண்டுவந்த மதிய உணவே பேஸ்டி. கோதுமை மாவுத் தகட்டுக்குள் இறைச்சி, உருளைக்கிழங்கு, வெங்காயம் ஆகியவற்றை வைத்து, விளிம்பைப் பின்னல்போல் மடித்து அடுப்பில் சுட்டெடுப்பது. சுரங்கத்துக்குள் கையில் பிடித்து உண்ணத் தோதான பண்டம். அழுக்குக் கையால் பிடித்த விளிம்பை மட்டும் வீசிவிடுவார்கள் என்று வழிகாட்டிகள் சொல்வதுண்டு. கதை சுவையானது, ஆனால் பசித்த உழைப்பாளி அத்தனை மாவை வீசியிருப்பானா என்று எனக்கு ஐயமே.

மெக்சிகோ மக்கள் அதனுள் பச்சை மிளகாயைச் சேர்த்தனர். அந்தக் கணமே அது அவர்களுடையதாயிற்று. இன்று மோலே குழம்பு, அவரை விதை மசியல், அன்னாசிப்பழம், பாற்சோறு என்று பல பூரணங்களில் கிடைக்கிறது. கம்பெனி 1840களின் இறுதியில் தன் பங்கை விற்றுவிட்டு வெளியேறியது. பாஸ்தேயோ தங்கிவிட்டது. ஊரில் இதற்கென ஓர் அருங்காட்சியகமே உண்டு. 2009 முதல் ஆண்டுதோறும் பாஸ்தே திருவிழாவும் நடக்கிறது. 2014இல் அங்கே சென்ற அன்றைய பிரிட்டிஷ் இளவரசர் சார்ல்சும் பாஸ்தே உண்டார்.

சைவ உணவினர் கவனிக்க வேண்டியது ஒன்று. மெக்சிகோவில் மாவிலும் அவரை மசியலிலும் பன்றிக்கொழுப்பு சேர்ப்பது வழக்கம். அதன் பெயர் ‘மந்தேக்கா’. உள்ளே இறைச்சி இல்லை என்று கேட்டறிந்தால் மட்டும் போதாது. மந்தேக்கா உண்டா என்றும் கேட்க வேண்டும். வழிகாட்டியிடம் முதல் நாளே சொல்லிவிடுவது நலம். தெருக்கடைகள் பெரும்பாலும் ரொக்கத்தையே விரும்பும். சிறிய பெசோ நோட்டுகளை வைத்துக்கொள்ளுங்கள். வங்கி அட்டையைப் பயன்படுத்த எண்ணுவோர், வெளிநாட்டுப் பயன்பாட்டு வசதியைப் புறப்படுமுன் இயக்கிக்கொள்ள வேண்டும். 2020ஆம் ஆண்டின் ரிசர்வ் வங்கி விதிப்படி புதிய அட்டைகளில் அவ்வசதி தானாகத் திறந்திராது. எந்திரம் ‘ரூபாயா, பெசோவா?’ என்று கேட்டால் பெசோவைத் தேர்ந்தெடுங்கள். ரூபாயைத் தேர்ந்தால் அங்குள்ள நிறுவனம் தன் விருப்பப்படி மாற்று விகிதத்தை வைக்கும். அது பெரும்பாலும் நமக்கு நட்டமே.

இனித் தங்கவயலுக்கு வருவோம். அங்கும் கார்ன்வால் ஆட்கள் வந்தனர். சுரங்க மேலாளரைக் ‘கேப்டன்’ என்று அழைக்கும் கார்ன்வால் வழக்கமும் அவர்களுடன் வந்தது. எனினும் பேஸ்டி மட்டும் ராபர்ட்சன்பேட்டைத் தெருவில் வேரூன்றவில்லை. காரணங்களை ஊகிப்பது கடினமன்று. வட ஆர்க்காடு, சேலம், சித்தூர்ப் பகுதிகளிலிருந்து வந்த தொழிலாளர் குடும்பங்களின் தானியம் அரிசியும் கேழ்வரகும், கோதுமையன்று. லைன் வீடுகளில் விறகடுப்பு இருந்ததே ஒழிய, ரொட்டி சுடும் அடுப்பு இல்லை. ஐரோப்பியரின் பங்களாவுக்கும் தொழிலாளரின் லைனுக்கும் இடையே இருந்த தொலைவோ அளக்கவொண்ணாதது. ரியால் தெல் மோந்தேயில் பண்டம் கைமாறியது. இங்கே பெரும்பாலும் உத்தரவுகளே கைமாறின.

ஆனால் தங்கவயலுக்குத் தனக்கென ஒரு சமையல் இல்லை என்று யாரும் எண்ண வேண்டாம். தமிழ், தெலுங்கு, கன்னடம், உருது, ஆங்கிலம் ஆகிய ஐந்து மொழிகள் ஒரே தெருவில் ஒலித்த ஊர் அது. வட ஆர்க்காட்டுக் குடும்பத்தின் களியும் கருவாட்டுக் குழம்பும், கன்னட நாட்டின் முத்தெயும் உப்புச்சாறும் அடுத்தடுத்த வீடுகளில் வெந்தன. களி, முத்தெ இரண்டும் ஒன்றுதானே என்று கேட்டுவிட்டால் இரு தரப்பாரும் உங்களைத் திருத்துவார்கள். மார்கழி, தை மாதங்களில் அவரைக்காய் வந்துவிட்டால், ஊறவைத்துத் தோலைப் பிதுக்கி எடுத்த பருப்பில் குழம்பு வைப்பது இரு மொழியாருக்கும் பொது. ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் மஞ்சள் சோற்றையும் உருண்டைக் கறியையும் மிளகு நீரையும் தந்தன. கிறிஸ்துமஸ் நெருங்கினால் அச்சுமுறுக்கும் கல்கலாவும் பல வீடுகளில் எண்ணெயில் பொரியும். மாமிசத்தின் எந்தப் பாகத்தையும் வீணாக்காத உழைப்பாளர் சமையலும் இவ்வூரின் பெருமைகளுள் ஒன்று. குடல், ஈரல், தலைக்கறி ஆகியவற்றை நன்கு சமைக்கத் தெரிந்த கைகள் இங்கே உண்டு.

மெக்சிகோவுடன் உள்ள உறவு ஜான் டெய்லரோடு முடிந்துவிடவில்லை. மிளகாயும் தக்காளியும் மெக்சிகோவில் பயிராகி, பின்னர் கடல்வழியே இந்தியாவுக்கு வந்தவை. அந்தத் தக்காளிக்கு இன்று நாட்டின் மிகப்பெரிய மொத்தச் சந்தைகளுள் ஒன்று கோலாரில்தான் கூடுகிறது. பதிலுக்கு நம் பக்கத்துப் புளி மெக்சிகோவுக்குச் சென்றது. அங்கே தெருவோரங்களில் புளிச்சாறு குளிர்பானமாக விற்கிறது. மாங்காயும் சென்றது. மாம்பழத் துண்டில் மிளகாய்த் தூள் தூவி, எலுமிச்சை பிழிந்து தரும் வண்டியைப் பச்சூக்காவில் காணும் தமிழர், நம் பள்ளி வாசலில் மாங்காய்க் கீற்று விற்ற பாட்டியை நினைக்காமல் இருக்க முடியாது.

தங்கவயலில் நடை போக விரும்புவோருக்கு ரயிலே ஏற்றது. பெங்களூரிலிருந்து பங்காரப்பேட்டை வந்து, அங்கிருந்து மாரிக்குப்பம் செல்லும் கிளைப்பாதையில் செல்ல வேண்டும். சுரங்கங்களுக்காக 1890களில் போடப்பட்ட பாதை அது. கோரமண்டல், ஊரிகம், சாம்பியன் என்று நிலையப் பெயர்களே சுரங்கங்களின் பட்டியல்போல் ஒலிக்கும். வழியில் சாம்பல் நிறத்தில் நிற்கும் மேடுகள் மலைகளல்ல. தங்கம் பிரித்தெடுத்த பின் கொட்டிய சயனைடு மண். எண்ணூறு டன்னுக்கு மேல் தங்கம் ஈந்த நிலத்தின் மிச்சம் அது. ராபர்ட்சன்பேட்டையில் இறங்கினால் மகாத்மா காந்தி மார்க்கெட்டையும் அதைச் சுற்றியுள்ள தெருக்களையும் காலையிலும் மாலையிலும் தனித்தனியே பார்க்க வேண்டும். காலை இட்லி, தோசைக்கு. மாலை போண்டா, மசால் வடை, பிரியாணிக்கு. சாம்பியன் ரீஃப் சுரங்கம் தரைக்குக் கீழே மூன்று கிலோமீட்டருக்கும் அதிகமான ஆழம் சென்றது. அந்த ஆழத்தில் பாறையின் வெப்பம் 60 டிகிரியைத் தாண்டும். அத்தகைய இடத்தில் வேலை செய்து மேலே வந்தவர்களின் நாவுக்கு உப்பும் புளியும் காரமும் சற்றுத் தூக்கலாகவே தேவைப்பட்டிருக்கும் என்று ஒரு கவளம் உண்டதும் தோன்றும்.

வழிகாட்டிக்கு எங்கே போவது? 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கம் மூடப்பட்டபோது வேலையிழந்தவர்களும் அவர்களுடைய பிள்ளைகளும் அங்கேதான் இருக்கிறார்கள். ஆயிரக்கணக்கானோர் விடியுமுன் ரயிலேறிப் பெங்களூருக்கு வேலைக்குச் சென்று இரவில் திரும்புகிறார்கள். எந்தக் கடையில் எந்த ஷிப்ட் ஆட்கள் கூடுவார்கள், எந்த லைனில் எந்த ஊர்க்காரர் குடியிருந்தனர் என்பதெல்லாம் அவர்களுக்கு மனப்பாடம். பச்சூக்காவில் இந்த அறிவு கூலி பெறும் தொழிலாகிவிட்டது. தங்கவயலில் நீங்கள் டீக்கடையில் உட்கார்ந்து பேச்சுக் கொடுத்தால் அது இலவசமாகக் கிடைக்கிறது. அப்படி ஒருவர் இரண்டு மணி நேரம் உடன் நடந்தால், அவருக்கு உரிய தொகையைத் தயங்காமல் தந்துவிடுவதே முறை.

கடைக்காரர்களின் பக்கமும் ஒரு செய்தி உண்டு. 2020 ஜூனில் தொடங்கிய பிரதமர் ஸ்வநிதித் திட்டத்தில் தெருவோர வியாபாரிகள் ஈடு எதுவுமின்றி வங்கிக் கடன் பெறலாம். முதற்கடன் தொடக்கத்தில் 10,000 ரூபாயாக இருந்தது. 2025இல் 15,000 ரூபாயாக உயர்த்தப்பட்டது. அதை ஒழுங்காகச் செலுத்துவோருக்கு அடுத்து 25,000, பின்னர் 50,000 ரூபாய் வரை கிடைக்கும். 7 சதவீத வட்டி மானியமும் உண்டு. நகராட்சியின் விற்பனைச் சான்றிதழோ பரிந்துரைக் கடிதமோ வேண்டும். ஒரு தள்ளுவண்டிக்குப் புதிய அடுப்பும் மூடியுள்ள குடிநீர்க் கலனும் வாங்க இத்தொகை போதும். வெளியூரார் ஒரு கடையில் நின்று உண்பதா, நகர்ந்துவிடுவதா என்று முடிவு செய்வது பெரும்பாலும் அந்தத் தண்ணீரைப் பார்த்துத்தான்.

பெயரின் மதிப்பை அறிய விரும்புவோர் பங்காரப்பேட்டை பானிபூரியைப் பார்க்கலாம். மற்ற ஊர்களில் புதினாவால் பச்சையாக இருக்கும் நீர், இங்கே கண்ணாடிபோல் தெளிந்திருக்கும். வாயில் வைத்த பிறகுதான் காரம் தெரியும். பெங்களூரில் ‘பங்காரப்பேட்டை’ என்று பலகை மாட்டிய சாட் கடைகள் எத்தனையோ உள்ளன. கார்ன்வாலில் செய்யாத எதையும் ‘கார்னிஷ் பேஸ்டி’ என்ற பெயரில் விற்கக்கூடாது என்று ஐரோப்பிய ஒன்றியம் 2011இல் பாதுகாப்பு வழங்கியது. பங்காரப்பேட்டைப் பெயரோ தடையின்றி ஊர் ஊராகச் செல்கிறது.

திரும்பும் வழியில் பங்காரப்பேட்டையில் இறங்குபவர்கள் பானிபூரியைக் கடைசி உணவாக வைத்துக்கொள்வது நல்லது. முதலில் உண்டால் அதன் காரம் அடுத்த இரண்டு கடைகளின் சுவையை விழுங்கிவிடும். பெங்களூர் வண்டிக்கு அரை மணி நேரமாவது இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டு நிலையத்தைவிட்டு வெளியே செல்லுங்கள். ஒரு தட்டோடு யாரும் நிறுத்திக்கொள்வதில்லை.