ஊமைப்படமும் மதுவிலக்கும்

சம்பள நாள் மாலையில் கூலிப்பணம் வீடு வந்து சேர்ந்தால் அடுப்பு எரியும். தவறணைக்குச் சென்றால் அடுப்பு அணையும். பன்வில முதலிய தோட்டப் பகுதிகளில் வாழ்வோர் இவ்வுண்மையை நன்கறிவர். ஆயினும், தொடக்ககால ஊமைப்படங்கள் சில மதுவிலக்குப் போராட்டத்தை வெறும் கேலிக்கூத்தாகவே காட்டின.

ஐக்கிய அமெரிக்காவின் கன்சஸ் மாநிலத்தில் 1881 முதல் மதுவிலக்குச் சட்டம் நடைமுறையில் இருந்தது. எனினும் மதுக்கடைகள் வெளிப்படையாகவே நடந்தன. அங்கு வாழ்ந்த கரி நேஷன் என்னும் மாது, தம் முதற் கணவரான வைத்தியரைக் குடியினால் 1869இல் இழந்தவர். சட்டம் செய்யாததைத் தாமே செய்யத் துணிந்த அவர், 1900இல் கயோவா என்னும் ஊரின் மதுக்கடைகளைக் கல்லெறிந்து நொறுக்கினார். பின்னர் கைக்கோடரியே அவருடைய அடையாளமாயிற்று. அவர் பலமுறை சிறை சென்றார்.

1901இல் எடிசன் கம்பனி இச்செய்தியைச் சிறு படமாக்கியது. ‘கன்சஸ் சலூன் ஸ்மாஷர்ஸ்’ என்பது அதன் பெயர். பெண்கள் கோடரியுடன் புகுந்து கடையை உடைக்கின்றனர். கடைக்காரன் அம்மாதின் முகத்தில் சோடா நீரைப் பீய்ச்சுகிறான். பொலிசார் வந்து பெண்களை வெளியேற்றுகின்றனர். அதே ஆண்டில் வந்த மற்றொரு படம், வீட்டில் பிள்ளைகளைப் பார்க்க விடப்பட்ட அவருடைய கணவரை நகைப்புக்குரியவராக்கியது. கோடரியைக் காட்டிய படம், அதனை ஏந்தச் செய்த துயரத்தைக் காட்டவில்லை.

1909இல் டி. டபிள்யூ. கிரிபித் எடுத்த ‘எ டிரங்கர்ட்ஸ் ரிபர்மேஷன்’ வேறு வழியில் சென்றது. குடிகாரத் தந்தை ஒருவன் தன் சிறு மகளுடன் நாடகம் பார்க்கச் செல்கிறான். மேடையில் ஒரு குடிகாரனின் அழிவைக் காண்கையில் தன்னையே கண்டு திடுக்கிடுகிறான். குடியை விட்ட அவன் குடும்பத்தோடு கணப்படுப்பின் அருகே அமர்ந்திருப்பதே இறுதிக் காட்சி. வசனம் இல்லாமலே அப்பொருள் எவருக்கும் விளங்கும்.

உறுதிமொழியின் வலிமையை இலங்கையும் அறிந்திருந்தது. கள்ளுத் தவறணைகளைப் பெருக்கிய அரசாங்கத்தின் மதுவரித் திட்டத்துக்கு எதிராக 1912இல் இங்கு மதுவிலக்கு இயக்கம் வலுப்பெற்றது. அதில் முன்னின்ற எவ். ஆர். சேனநாயக்கா, டி. எஸ். சேனநாயக்கா ஆகியோர் 1915ஆம் ஆண்டுக் கலவரத்தின்போது சிறைப்படுத்தப்பட்டனர். அவர்கள் கோடரி ஏந்தியவர்களல்லர். கூட்டங்களாலும் உறுதிமொழிகளாலும் மக்கள் மனத்தை மாற்ற முயன்றவர்கள்.

போராடும் பெண்ணைக் கண்டு நகைப்பது எளிது. அவள் வீட்டு அடுப்பு ஏன் அணைந்தது என்று கேட்கும் கலையே மக்களைத் திருத்த வல்லது.