நெஞ்சில் ஏறி அமர்வது யார்?

விடியற்காலை நான்கு மணி இருக்கும். கண் விழித்துக் கொள்கிறது. மேலே சுழலும் காற்றாடி தெரிகிறது. அறைக் கதவும் தெரிகிறது. ஆனால், கையை அசைக்க முடியவில்லை. கத்த நினைத்தாலும் குரல் எழும்பவில்லை. கட்டிலருகே யாரோ நிற்பது போலவும், நெஞ்சின் மேல் ஏறி அமர்ந்து அமுக்குவது போலவும் ஓர் உணர்வு. சில விநாடிகளிலோ இரண்டொரு நிமிடங்களிலோ எல்லாம் மறைந்து விடுகிறது. வியர்த்து விறுவிறுக்க எழுந்து உட்காருபவரின் மனத்தில் ஒரே கேள்வி: கண்டது கனவா, நனவா?

நம் வீட்டுப் பெரியவர்கள் இதனை அமுக்குவான் பேய் என்பார்கள். மலாய்க்காரர்கள் ‘கெனா திண்டே’ என்பார்கள். பேய் கட்டிலை அழுத்துகிறது என்று பொருள்படும் சொல் சீனர்களிடம் உண்டு. ஜப்பானியர்கள் ‘கனாஷிபாரி’ என்கிறார்கள். கனடாவின் நியூபவுண்ட்லாந்து தீவில், கிழவி ஒருத்தி வந்து அமர்வதாகச் சொல்வது வழக்கம். மொழியும் மதமும் வேறாக இருக்க, அனுபவம் மட்டும் எப்படி ஒன்றாக இருக்கிறது? காரணம் இதுதான்: பேய்கள் நாட்டுக்கு நாடு மாறலாம், மனித மூளையின் அமைப்பு மாறுவதில்லை.

மருத்துவத்தில் இதற்குத் தூக்க முடக்கம் என்று பெயர். இதனைப் புரிந்துகொள்ள, உறக்கத்தைப் பற்றிச் சிறிது தெரிந்திருக்க வேண்டும். 1953ஆம் ஆண்டில் சிக்காகோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த அசரின்ஸ்கி, கிளைட்மன் ஆகிய இருவரும், உறங்குபவரின் மூடிய இமைகளுக்குள் விழிகள் வேகமாக அசையும் ஒரு கட்டம் இருப்பதை வெளியிட்டார்கள். தெளிவான கனவுகள் பெரும்பாலும் அப்போதுதான் வருகின்றன. ஏறக்குறைய 90 நிமிடங்களுக்கு ஒரு முறை வரும் இந்தக் கட்டம், விடியலை நெருங்க நெருங்க நீண்டுகொண்டே போகும்.

கனவில் நாம் ஓடுகிறோம், சண்டை போடுகிறோம். உடலும் அதையே செய்தால் என்ன ஆகும்? அதனால்தான், அந்த நேரத்தில் மூளை கைகால் தசைகளைத் தற்காலிகமாகத் தளர்த்தி வைக்கிறது. கண்களை அசைக்கும் தசைகளும், மூச்சுக்கு முக்கியமான உதரவிதானமும் மட்டும் தொடர்ந்து வேலை செய்கின்றன. வழக்கமாக, விழிப்பு வரும்போதே இந்தப் பூட்டும் கழன்று விடும். சில வேளைகளில் விழிப்பு முந்திக்கொள்கிறது. பூட்டு திறக்கத் தாமதமாகிறது. கனவும் முழுதாகக் கலைந்திருக்காது. எனவே, உண்மையான அறைக்குள் கனவின் உருவம் வந்து நிற்கிறது.

நெஞ்சு ஏன் கனக்கிறது? விலா எலும்புகளுக்கு இடையிலுள்ள தசைகளும் தளர்ந்திருப்பதால், ஆழமாக மூச்சிழுக்க முயன்றாலும் முடிவதில்லை. அது யாரோ அமுக்குவதாகத் தோன்றுகிறது. கனவுக் கட்டத்தில் மூளையின் அச்சப் பகுதி விழிப்பாக இருப்பதால், பயமும் பன்மடங்காகிறது.

இது அபூர்வமான ஒன்றன்று. 35 ஆய்வுகளைத் தொகுத்து 2011இல் வெளிவந்த ஒரு கட்டுரை, பொதுமக்களில் 7.6 விழுக்காட்டினரும் மாணவர்களில் 28.3 விழுக்காட்டினரும் வாழ்நாளில் ஒரு முறையாவது இதனை அனுபவித்திருப்பதாகக் கூறுகிறது. தூக்கக் குறைவு, மன உளைச்சல், நேரம் மாறி மாறி வரும் ஷிப்ட் வேலை, மல்லாந்து படுத்தல் ஆகியவை இதற்கு வழி வகுக்கின்றன. தேர்வுக்காக இரவெல்லாம் கண்விழிக்கும் பிள்ளைகளுக்கும், இரவு ஷிப்ட் முடிந்து பகலில் உறங்கும் தொழிற்சாலை ஊழியர்களுக்கும் இது ஏற்பட்டால் வியப்பதற்கில்லை.

சிக்கல் எங்கே தொடங்குகிறது? “பிள்ளைக்கு ஏதோ பிடித்திருக்கிறது” என்று வீட்டில் ஒருவர் சொல்லும்போதுதான். பொமோவைத் தேடி ஓடுகிறோம். தகடு, தாயத்து என்று பணம் கரைகிறது. தலையணைக்கடியில் இரும்புத் துண்டு வைப்பதால் தீங்கில்லை. ஆனால், அச்சத்தை வளர்த்துவிட்டால், அந்தப் பிள்ளை உறங்கவே பயப்படும். உறக்கம் குறைந்தால் முடக்கம் மீண்டும் வரும். வந்தால், பேய் உண்மைதான் என்ற எண்ணம் வலுக்கும். இந்த வட்டத்திற்குள் சிக்கிக்கொள்பவர்களின் வேதனை சொல்லி மாளாது.

அது வரும்போது எழுந்திருக்கப் போராட வேண்டாம். “இது கடந்துவிடும்” என்று மனத்துக்குள் சொல்லிக்கொண்டு, மூச்சைச் சீராக விட்டு, ஒரு விரலை மட்டும் அசைக்க முயலலாம். தினமும் ஒரே நேரத்தில் படுப்பதும், ஒருக்களித்துப் படுப்பதும் உதவும்.

இருப்பினும், சில அறிகுறிகளை அலட்சியப்படுத்தக் கூடாது. அடிக்கடி முடக்கம் வருவதோடு, பகலில் அடக்க முடியாத தூக்கமும், சிரிக்கும்போதோ கோபப்படும்போதோ முழங்கால்கள் திடீரெனத் துவள்வதும் இருந்தால், அது நார்கோலெப்சி என்னும் நோயாக இருக்கலாம். அப்படிப்பட்டவர் வாகனம் ஓட்டுவது ஆபத்து. பலத்த குறட்டையும் மூச்சுத் தடையும் உள்ளவர்களும் மருத்துவரைப் பார்க்க வேண்டும். இதற்கு நேர்மாறான ஒரு நிலையும் உண்டு. தசைகள் தளராமல், கனவில் செய்வதையே உடலும் செய்து, பக்கத்தில் படுத்திருப்பவரை அடித்துவிடும் நிலை அது. வயதானவர்களிடம் இது காணப்பட்டால், பிற்காலத்தில் பார்க்கின்சன் நோய் வருவதற்கான முன்னறிவிப்பாகவும் இருக்கலாம்.

நனவுக்கும் கனவுக்கும் தமிழில் ஓர் எழுத்துதான் வேறுபாடு. உறக்கத்திலும் அவற்றுக்கு இடையே இருப்பது மெல்லிய திரைதான். பிள்ளை பயந்து எழுந்து அழுதால், முதலில் கேட்க வேண்டிய கேள்வி “யாரைப் பார்த்தாய்?” என்பதல்ல, “நேற்று எத்தனை மணிக்குத் தூங்கினாய்?” என்பதுதான்.