ஒரே படம், ரெண்டு சத்தம்: ஸ்டெனெக் லிஷ்கா

இன்னைக்கு நம்ம ஆள் ஒரு செக் சினிமா இசையமைப்பாளர், ஸ்டெனெக் லிஷ்கா. பிறப்பு 1922, மறைவு 1983. பேர் கேள்விப்பட்டதே இல்லையா? பரவாயில்ல, நானும் ரொம்ப லேட்டாதான் கேள்விப்பட்டேன்.

செக் நாட்டில் குட்னா ஹோராவை ஒட்டி செட்லெட்ஸ்னு ஒரு இடம். அங்க ஒரு சின்ன தேவாலயம், உள்ள முழுக்க மனித எலும்பு. சரவிளக்குகூட எலும்புதான். 1970ல் யான் ஷ்வாங்க்மாயெர் அதை வெச்சு ஒரு குறும்படம் எடுத்தார். பின்னணியில் ஓடினது, அந்த இடத்தைச் சுத்திக் காட்டுற கைடோட பேச்சு. சோவியத் டாங்கிகள் பிராகுக்குள் புகுந்தது 1968 ஆகஸ்டில். அதுக்கப்புறம் வந்த கெடுபிடியில் அந்தப் பேச்சை அதிகாரிகள் விடல. தூக்கச் சொல்லிட்டாங்க.

காலியான இடத்துக்கு லிஷ்கா ஒரு பாட்டு போட்டார். வரிகள், பிரெஞ்சுக் கவிஞர் ழாக் ப்ரெவேரோட கவிதை. பறவையை எப்படி வரையணும்னு சொல்ற கவிதை அது: முதல்ல கூண்டை வரை, பறவை உள்ள வர்ற வரைக்கும் காத்திரு, அப்புறம் கம்பிகளை அழி. ஜாஸ் வாசனையோட பாட்டு இதமா போகுது, திரையில் மண்டை ஓடு மண்டை ஓடா வருது. கைடு பேச்சைவிட இதுதான் எனக்கு அதிகமா குத்துச்சு. ஆபத்தான பேச்சை எடுத்துட்டோம்னு நிம்மதியானவங்களுக்கு, கூண்டைப் பத்தி ஒரு பாட்டு கிடைச்சிருக்கு!

எங்க வேலையில் இதை ஏ/பி டெஸ்ட்னு சொல்வோம். ஒண்ணை மட்டும் மாத்திட்டு மத்ததை அப்படியே விடுறது. இங்க படம் அதே, சத்தம் மட்டும் வேற.

இந்தக் கை அவருக்கு எங்க வந்தது? ஸ்லின் ஸ்டுடியோவில்னு நினைக்கிறேன். அங்க கரெல் ஸெமனோட பொம்மை, ட்ரிக் படங்களுக்கு இசை போட்டார். பொம்மைக்குன்னு சொந்தச் சத்தம் கிடையாதே. காலடியிலேர்ந்து எல்லாத்தையும் வெளியிலேர்ந்துதான் கொடுக்கணும். அதனாலயோ என்னவோ, அவர்கிட்ட எது இசை, எது எஃபெக்ட்னு பிரிச்சுச் சொல்றது கஷ்டம்.

‘த ஷாப் ஆன் மெயின் ஸ்ட்ரீட்’ (1965) ஆஸ்கர் வாங்கின படம், அதுக்கும் இவர்தான். ஆனா நான் திரும்பத் திரும்பப் போறது யுராய் ஹெர்ஸோட ‘த க்ரிமேட்டர்’ (1969) படத்துக்கு. பிணம் எரிக்கிற வேலை பார்க்கிற ஒருத்தன், அதை ஆத்மாக்களுக்கு விடுதலைன்னு நம்புறான். நாஜிகள் வந்ததும் சொந்த வீட்டுக்குள்ளயே கொலை பண்றான். லிஷ்கா அவனுக்குக் கொடுத்தது பயமுறுத்துற இசை இல்ல. வார்த்தையில்லாத பெண் குரலோட, தாலாட்டு மாதிரி ஒரு வால்ட்ஸ். அவன் தன்னைப் பத்தி என்ன நினைச்சுக்கிறானோ, அதைத்தான் நாம கேக்கிறோம். அழகா இருக்கேன்னு ரசிச்ச அடுத்த நொடி எனக்கே கூச்சமா இருந்தது.

எலும்புப் படத்தோட ரெண்டு வெர்ஷனும் இப்ப பார்க்கக் கிடைக்குது. முதல்ல கைடு, அப்புறம் பாட்டு. எது அதிகமா உறுத்துச்சுன்னு வாய்ஸ் நோட் போடுங்க.