அடிபம்பைச் சுற்றி ஒரு கலைக்கூடம்

பஸ்தாரில் பழங்குடிக் கலைஞர்களோடு கைகோர்த்த மும்பை ஓவியர்

நிறைகுடத்தைத் தரையிலிருந்து தலைக்கு ஏற்றுவது எவ்வளவு சிரமம் என்பது தண்ணீர் சுமக்கும் பெண்ணுக்குத்தான் தெரியும். கைகொடுக்க ஆள் இல்லாவிட்டால் கேட்கவே வேண்டாம். சத்தீஸ்கரின் கொண்டாகாவ் வட்டாரத்தில் சில அடிபம்புகளைச் சுற்றி இதற்கு ஒரு வழி செய்யப்பட்டது. குடத்தை முதலில் வைத்து, பிறகு தோளுக்கும் தலைக்கும் மாற்ற வசதியாக வெவ்வேறு உயரங்களில் திண்டுகள். சிந்தும் நீர் சேறாகித் தேங்காமல் இருக்க வடிகால். சுவரெங்கும் சிற்ப வேலைப்பாடு. இதைக் கட்டியவர்கள் அரசு இன்ஜினியர்கள் அல்ல, கலைஞர்கள்.

'நல்பார்' எனப்படும் இந்த முயற்சியின் பின்னணியில் இருப்பவர் நவ்ஜோத் அல்தாஃப். மீரட்டில் 1949ல் பிறந்து, பம்பாய் ஜே.ஜே. கலைப் பள்ளியில் படித்தவர். ஓவியம், சிற்பம், வீடியோ என்று எதையும் விட்டுவைக்கவில்லை. 1970களில் இடதுசாரி இளைஞர் இயக்கத்துக்குப் போஸ்டர் தீட்டிய கை, 1990களில் பஸ்தார் பக்கம் திரும்பியது. சத்தீஸ்கர் தனி மாநிலமானது 2000ல்தான். அப்போது அது மத்தியப் பிரதேசம்.

கொண்டாகாவ், உலோக வார்ப்புக்கும் மரச் சிற்பத்துக்கும் பெயர்போன ஊர். ஆனால் நகரத்து விற்பனைக் கூடங்களில் அந்தப் பொருள்கள் வெறும் 'கைவினை'. செய்தவர் பெயர் இருக்காது. நவ்ஜோத் இங்கேதான் மாறுபட்டார். ராஜ்குமார், சாந்திபாய், கெஸ்ஸுராம் ஆகியோர் அவருக்குக் கூலிக்கு வேலை செய்தவர்கள் அல்ல. ஒரே பட்டறையில் அவரவர் படைப்பை அவரவர் பெயரில் செய்த சக கலைஞர்கள். அதிலும் சாந்திபாய், ஆண்களின் தொழிலாகவே கருதப்பட்ட மரச் செதுக்கலில் இறங்கிய பெண்.

அடிபம்பை அடுத்துக் குழந்தைகளுக்கான 'பிலா குடி'. தமிழருக்கு விளக்கம் தேவைப்படாத பெயர் - பிள்ளைகளின் கோயில். பூஜை கிடையாது, பிள்ளைகள் கூடி விளையாடவும் பழகவும் ஓர் இடம்.

"திண்டு கட்டுவது பஞ்சாயத்து வேலை, இதில் கலை எங்கே?" என்று கேட்கலாம். ஆனால் தண்ணீர் எடுப்பவளின் முதுகு வலியை யோசித்து எந்த கான்ட்ராக்டரும் பம்பு மேடை கட்டியதாகத் தெரியவில்லை.

அதேசமயம் கலையால் ஆகாத காரியங்களும் உண்டு. 2002 குஜராத் கலவரத்துக்குப் பிறகு, 2003ல் நவ்ஜோத் செய்த வீடியோ படைப்பு இழப்புக்கு சாட்சி சொல்ல மட்டுமே முடிந்தது. சத்தீஸ்கரில் சுரங்கங்களுக்கு நிலத்தைக் கொடுத்தவர்களைப் பேசவைத்த பிற்கால வீடியோவும் அப்படித்தான்: சுரங்கம் நிற்கவில்லை, அவர்களின் குரல் பதிவானது.

2018 டிசம்பரில் மும்பை தேசிய நவீனக் கலைக்கூடம் அவருடைய வாழ்நாள் படைப்புகளைத் திரட்டிக் கண்காட்சி வைத்தது. வீடியோக்களையும் சிற்பங்களையும் மும்பைக்குக் கொண்டுபோக முடியும். அடிபம்புத் திண்டுகளைப் பார்க்க வேண்டுமானால் கொண்டாகாவுக்குத்தான் போக வேண்டும்.