ரெண்டு ‘டூ’, ரெண்டு ‘த்ரீ’

கோஸ்ட் செத்துவிட்டானா, இல்லையா? ‘கால் ஆஃப் டியூட்டி’ விளையாடுகிற இரண்டு பேரிடம் இதைக் கேட்டால் சண்டை மூளும். மண்டையோட்டு முகமூடி போட்ட அந்தப் பிரிட்டிஷ் வீரனை ஜெனரல் ஷெப்பர்டே சுட்டுக் கொன்றார், பெட்ரோல் ஊற்றிக் கொளுத்தவும் செய்தார் என்பார் முப்பத்தைந்தைத் தாண்டியவர். காலேஜில் படிக்கும் தம்பியோ, கடைசிக் காட்சி வரை கோஸ்ட் நன்றாகத்தான் இருந்தான் என்று அடித்துச் சொல்வான். இரண்டு பேரும் விளையாடியது ‘மாடர்ன் வார்ஃபேர் 2’. இரண்டு பேர் சொல்வதும் உண்மை.

அமெரிக்காவின் ஆக்டிவிஷன் நிறுவனம் பதின்மூன்று வருட இடைவெளியில் அந்தப் பெயரில் இரண்டு கேம்களை விற்றிருக்கிறது. 2009இல் வந்ததில் ‘2’ என்ற சாதாரண எண். 2022இல் வந்ததில் ரோமன் எண், அதாவது அடுத்தடுத்து இரண்டு நெட்டுக்கோடு. கண்ணால் பார்த்தால் வித்தியாசம் தெரியும். வாயால் சொன்னால் இரண்டுமே ‘டூ’தான். மூன்றாம் பாகமும் அப்படியே: 2011இல் சாதாரண மூன்று, 2023இல் மூன்று கோடு. முதல் பாகத்தின் கதை இன்னும் வேடிக்கை. அதனால் இங்கே ஒவ்வொரு கேமையும் அது வெளிவந்த ஆண்டோடு சேர்த்தே சொல்ல வேண்டியிருக்கிறது.

‘கால் ஆஃப் டியூட்டி’ 2003இல் இரண்டாம் உலகப்போர் கேமாகத்தான் தொடங்கியது. செய்தது இன்ஃபினிட்டி வார்டு என்ற ஸ்டுடியோ. இரண்டாம் பாகம் வந்த 2005லேயே குழப்பத்துக்குப் பிள்ளையார் சுழி போட்டாயிற்று. கம்ப்யூட்டருக்கும் எக்ஸ்பாக்ஸ் 360க்கும் ‘கால் ஆஃப் டியூட்டி 2’. பிளேஸ்டேஷன் 2 வைத்திருந்தவர்களுக்கு ‘கால் ஆஃப் டியூட்டி 2: பிக் ரெட் ஒன்’. பின்னது முன்னதன் இன்னொரு பதிப்பு அல்ல, கதை உட்பட எல்லாமே வேறான தனி கேம். பெயரின் முன்பாதியை மட்டும் படித்துவிட்டு வாங்கியவர்கள் அன்றைக்கே ஏமாந்திருப்பார்கள்.

2007இல் இன்ஃபினிட்டி வார்டு இரண்டாம் உலகப்போரை விட்டுவிட்டு இன்றைய காலத்துக்கு வந்தது. கேமின் பெயர் ‘கால் ஆஃப் டியூட்டி 4: மாடர்ன் வார்ஃபேர்’. இங்கே நான்கு என்பது மொத்த வரிசைக்கான எண். ‘மாடர்ன் வார்ஃபேர்’ வெறும் துணைத்தலைப்பு. ஆனால் கேம் அடித்த அடியில் துணைத்தலைப்பே தலைப்பாகிவிட்டது. இரண்டு வருடம் கழித்து வந்த அடுத்த பாகத்துக்குத் துணைத்தலைப்பின் பக்கத்தில் எண் போட்டார்கள்: ‘மாடர்ன் வார்ஃபேர் 2’. ஆக, கடையில் போய் ‘மாடர்ன் வார்ஃபேர் 1’ கேட்டால் அப்படியொரு கேமே கிடையாது. இருப்பது நாலு, அதன் பிறகு இரண்டு, அதன் பிறகு மூன்று.

2009இல் முதலில் ‘கால் ஆஃப் டியூட்டி’ என்ற சொற்களையே விட்டுவிட்டு வெறும் ‘மாடர்ன் வார்ஃபேர் 2’ என்றுதான் அறிவித்தார்கள். பழைய பெயர் இல்லாவிட்டால் வாங்குகிறவர்களுக்கு அடையாளம் தெரியாது என்ற கவலை வந்ததும், அட்டைப்படத்தில் அதைத் திரும்ப ஏற்றினார்கள். பலனும் கிடைத்தது. அமெரிக்கா, பிரிட்டன் இரண்டில் மட்டும் முதல் நாளில் 47 லட்சம் பிரதிகள் விற்றன. பெயருக்கு இவ்வளவு காசு உண்டு என்று தெரிந்துகொண்ட கம்பெனி, பின்னாளில் அதே பெயரைத் தூசி தட்டி எடுத்ததில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

பழைய மூன்று கேம்களும் (2007, 2009, 2011) ஒரே தொடர்கதை. மீசையும் அகலத் தொப்பியுமாக வரும் பிரிட்டிஷ் சிறப்புப் படை அதிகாரி கேப்டன் பிரைஸ், அவருடைய சீடன் ‘சோப்’ மேக்டாவிஷ், ரஷ்யத் தீவிரத் தேசியவாதி மக்காரோவ் ஆகியோர்தான் அச்சாணி. முதல் கேமில் மத்திய கிழக்கின் பெயர் சொல்லப்படாத நகரம் ஒன்றில் அணுகுண்டு வெடிக்கிறது. அதுவரை நாம் ஓட்டிவந்த அமெரிக்க வீரன், விழுந்த ஹெலிகாப்டருக்கு வெளியே தவழ்ந்து, நம் கையிலேயே சாகிறான். கதாநாயகன் சாகமாட்டான் என்று நம்பியிருந்தவர்களுக்கு அது பெரிய அதிர்ச்சி. இரண்டாவதில் ரஷ்யப் படை அமெரிக்காவுக்குள் இறங்கி வாஷிங்டன் எரிகிறது. மாஸ்கோ விமான நிலையத்தில் பொதுமக்களைச் சுட்டுத்தள்ளும் கும்பலோடு, வேவு பார்க்கும் ஏஜென்டாக நாமும் நடந்துபோகும் ‘நோ ரஷ்யன்’ பகுதி இதில்தான் வருகிறது. விரும்பாதவர்கள் தாண்டிப் போகலாம் என்று வழி வைத்திருந்தும் உலகமெங்கும் சர்ச்சை. ரஷ்யாவில் அந்தப் பகுதியையே நீக்கிவிட்டார்கள். ஜெர்மனியிலும் ஜப்பானிலும் பொதுமக்களைச் சுட்டால் ஆட்டம் அங்கேயே முடிந்துவிடும். மூன்றாவதில் மூன்றாம் உலகப்போர். பிராகாவில் சோப் இறக்கிறான், கடைசியில் மக்காரோவை பிரைஸ் முடித்துவைக்கிறார்.

திரைக்குப் பின்னாலும் ஒரு போர் நடந்தது. 2010 மார்ச்சில் இன்ஃபினிட்டி வார்டின் தலைவர்கள் ஜேசன் வெஸ்ட், வின்ஸ் சாம்பெல்லா இருவரையும் ஆக்டிவிஷன் வேலையைவிட்டு நீக்கியது. வழக்கு 2012இல் சமரசத்தில் முடிந்தது. அவர்கள் ரெஸ்பான் என்ற புது ஸ்டுடியோவைத் தொடங்க, பழைய சகாக்கள் பலரும் பின்னாலேயே போனார்கள். அதனால் 2011இன் மூன்றாம் பாகத்தைச் செய்து முடிக்க ஸ்லெட்ஜ்ஹாம்மர் என்ற இன்னொரு ஸ்டுடியோவும் கைகொடுக்க வேண்டியிருந்தது.

அதற்குப் பிறகு தொடர் எதிர்காலத்துக்குத் தாவியது. பறக்கும் வீரர்கள், விண்வெளிச் சண்டை. 2016இல் ‘இன்ஃபினிட் வார்ஃபேர்’ டிரெய்லர் யூடியூபில் வாங்கிய டிஸ்லைக்குகள் முப்பது லட்சத்தைத் தாண்டின. ஆனால் அந்தக் கேமின் விலை கூடிய பதிப்போடு 2007 கேமைப் புதுக் கிராஃபிக்ஸில் மெருகேற்றி ‘மாடர்ன் வார்ஃபேர் ரீமாஸ்டர்டு’ என்று சேர்த்துக் கொடுத்தார்கள். புதியதை வைது கொண்டே பழையதற்காகப் பணம் கட்டியவர்கள் ஏராளம். மறுவருடம் அதைத் தனியாகவும் விற்றார்கள். இதில் ‘கால் ஆஃப் டியூட்டி 4’ என்ற பெயரில் இருந்த ‘4’ காணாமல்போனதைக் கவனிக்க வேண்டும்.

ஏனென்றால் 2019இல் வந்த புத்தம்புது கேமின் பெயர் ‘கால் ஆஃப் டியூட்டி: மாடர்ன் வார்ஃபேர்’. எண்ணே கிடையாது. இது 2007 கேமின் மறுபதிப்பும் அல்ல, 2011 கேமின் தொடர்ச்சியும் அல்ல. 1980இல் ரஜினியின் ‘பில்லா’, 2007இல் அஜித்தின் ‘பில்லா’ மாதிரி என்று ஓரளவுக்குச் சொல்லலாம். ஆனால் கதைச் சட்டகம்கூட அப்படியே இல்லை. எடுத்துக்கொண்டது பெயரையும் ஆட்களையும் மட்டும்தான். பிரைஸ் இருக்கிறார், ஆனால் குரலும் முகமும் நடிகர் பேரி ஸ்லோனுடையவை. உர்சிக்ஸ்தான் என்ற கற்பனை நாடு, அதன் விடுதலைப் படைத் தலைவி ஃபாரா கரீம், லண்டன் வீடு ஒன்றில் இருட்டில் நடக்கும் சோதனை என்று கதை வேறு பாதையில் போகிறது. 2007 கேமின் முடிவில் பாலத்தின்மேல் கொல்லப்பட்ட காஸ், இங்கே கைல் கேரிக் என்ற இளம் போலீஸ்காரனாக மறுபிறவி எடுத்து, கடைசிக் காட்சியில்தான் அந்தப் பெயரைப் பெறுகிறான்.

பிரைஸுக்கு இது மூன்றாவது பிறவி என்று நுணுக்கக்காரர்கள் சொல்வார்கள். 2003இன் முதல் கேமில், இரண்டாம் உலகப்போரிலேயே, அதே மீசையோடு ஒரு கேப்டன் பிரைஸ் உண்டு.

இந்தப் புதுப் பாதையில்தான் 2022இன் இரண்டு கோடும் 2023இன் மூன்று கோடும் வருகின்றன. 2022இல் மெக்சிகோ போதைக் கும்பல், திருடுபோன ஏவுகணைகள். ஷெப்பர்டு இங்கேயும் துரோகிதான், ஆனால் கோஸ்ட் தப்பிவிடுகிறான். மக்காரோவ் முழுசாகத் தலைகாட்டுவது 2023இல். சோப் இதிலும் சாகிறான். பிராகாவில் அல்ல, லண்டன் பக்கத்துச் சுரங்க ரயில் பாதையில், மக்காரோவின் துப்பாக்கிக்கு. ‘நோ ரஷ்யன்’ என்ற சொற்களும் திரும்ப வருகின்றன, இந்த முறை விமான நிலையத்துக்குப் பதில் பறக்கும் விமானத்துக்குள். பழையதை விளையாடியவர்கள் எதிர்பார்க்கிற இடத்தில் வேறொன்றை வைத்து ஏய்ப்பது எழுதியவர்களுக்குப் பிடித்த விளையாட்டு. பழையது தெரியாதவருக்கு இந்தக் குறும்பு பாதிதான் புரியும்.

தலைசுற்ற வைக்கும் இடம் இனிமேல்தான். 2020இல் ‘மாடர்ன் வார்ஃபேர் 2 கேம்பெயின் ரீமாஸ்டர்டு’ என்று ஒன்று வந்தது. இது 2009 கேமின் மெருகேற்றிய பதிப்பு, ஆனால் கதைப் பகுதி மட்டும். நண்பர்களோடு ஆன்லைனில் விளையாடும் மல்டிபிளேயர் இல்லை. 2009 கேமின் உயிரே மல்டிபிளேயர்தான் என்று நினைப்பவர்களுக்கு அது வெறும் கூடு. அந்த மல்டிபிளேயரின் மேப்கள் பிறகு எங்கே வந்தன தெரியுமா? 2023இன் மூன்று கோட்டு கேமில். அது வெளியானபோது கொடுத்த 16 மேப்களும் 2009இன் இரண்டாம் பாகத்திலிருந்து எடுத்துப் புதுப்பித்தவை. ஆக, டெர்மினல், ஹைரைஸ், ஃபவேலா என்று பழைய ‘டூ’வின் களங்களில் ஓட ஆசைப்படுகிறவர் வாங்க வேண்டியது புது ‘டூ’வை அல்ல, புது ‘த்ரீ’யை! வாங்குகிறவர் இதையெல்லாம் தானே கண்டுபிடித்துக்கொள்ள வேண்டும் என்று விடுவது நியாயமான வியாபாரமாகத் தெரியவில்லை.

இலவச கேமான ‘வார்சோன்’ இதையும் மிஞ்சியது. 2020 மார்ச்சில் வந்தது ‘வார்சோன்’. 2022 நவம்பரில் ‘வார்சோன் 2.0’ வந்ததும் பழையதற்கு ‘வார்சோன் கால்டெரா’ என்று பெயர் மாற்றினார்கள். அடுத்த வருடமே 2.0இலிருந்து எண்ணை உதிர்த்துவிட்டு அதையே வெறும் ‘வார்சோன்’ ஆக்கினார்கள். 2023 செப்டம்பரில் கால்டெராவை மூடியும்விட்டார்கள். இன்றைக்கு ‘வார்சோன்’ என்றால் இரண்டாவதாக வந்தது.

பிள்ளைகளுக்கோ தம்பிக்கோ டிஸ்க் வாங்கப் போகிறவர் எண்ணைப் பார்ப்பதைவிட எந்த மெஷினுக்கானது என்று பார்ப்பது நல்லது. பிளேஸ்டேஷன் 3 அல்லது எக்ஸ்பாக்ஸ் 360 என்று இருந்தால் அது பழைய பாதை, சந்தேகமே வேண்டாம். பிளேஸ்டேஷன் 5 பெட்டியில் ‘மாடர்ன் வார்ஃபேர்’ என்று பார்த்தால் 2022 அல்லது 2023. வழுக்குவது பிளேஸ்டேஷன் 4இல்தான். அதில் 2007இன் ரீமாஸ்டரும் உண்டு, 2019இன் கேமும் உண்டு. ‘ரீமாஸ்டர்டு’ என்ற சொல் இருக்கிறதா என்று தேடிப் பார்க்க வேண்டும். கம்ப்யூட்டரில் வாங்குவோர், விற்பனைப் பக்கத்தில் வெளியீட்டுத் தேதியையும் ஸ்டுடியோவின் பெயரையும் பார்த்துவிட்டால் போதும். 2023 கேமை முன்னின்று செய்தது ஸ்லெட்ஜ்ஹாம்மர். 2019, 2022 இரண்டும் இன்ஃபினிட்டி வார்டு. இந்தக் கேம்கள் வயது வந்தவர்களுக்கானவை என்ற முத்திரை அட்டையிலேயே இருக்கும். அதையும் ஒரு பார்வை பார்த்துக்கொள்ளலாம்.

இந்தப் பெயர்க் குழப்பம் ஆக்டிவிஷனின் தனி வியாதி என்று சொல்லிவிட முடியாது. போட்டித் தொடரான ‘பேட்டில்ஃபீல்ட்’ 2002இல் ‘பேட்டில்ஃபீல்ட் 1942’ என்று தொடங்கியது. ‘பேட்டில்ஃபீல்ட் 1’ வந்தது பதினான்கு வருடம் கழித்து, 3க்கும் 4க்கும் பிறகு. அந்த ஒன்று முதல் உலகப்போரைக் குறிக்கிறதாம்! ‘மெடல் ஆஃப் ஆனர்’ தொடரில் 1999இலும் 2010இலும் வந்த இரண்டு கேம்களுக்கு ஓர் எழுத்துகூட மாறாமல் அதே பெயர். முதலாவது இரண்டாம் உலகப்போர், அடுத்தது ஆப்கானிஸ்தான்.

பெயர் அச்சு அசலாக ஒன்றாக இருந்து, ஆண்டும் ஒன்றாக இருந்து, உள்ளே சரக்கு மட்டும் வேறாக இருந்ததும் உண்டு. ‘கால் ஆஃப் டியூட்டி’ வரிசையிலேயே 2015இன் ‘பிளாக் ஆப்ஸ் 3’ பிளேஸ்டேஷன் 4இல் முழுக் கேமாக வந்தது. அதே பெயரில் பிளேஸ்டேஷன் 3க்கு வந்த டிஸ்க்கில் கதைப் பகுதியே கிடையாது.