சலுகையும் சாலையும்: சாகண் காட்டும் நிதிக் கணக்கு

வளரும் நாடு ஒன்றில் தொழில் பெருக வேண்டுமானால் அரசு இரண்டு வழிகளில் துணை நிற்கலாம். வரியைக் குறைத்து முதலீட்டாளர்களை அழைக்கலாம். அல்லது சாலை, நீர், மின்சாரம் ஆகியவற்றுக்குச் செலவிட்டு இடத்தைத் தகுதியாக்கலாம். முன்னது அரசின் வரவைக் குறைக்கிறது. பின்னது செலவைக் கூட்டுகிறது. இரண்டுக்கும் பணம் ஒரே கருவூலத்திலிருந்துதான் வர வேண்டும். ஒன்றை முன்னே செய்து மற்றொன்றைப் பின்னே தள்ளினால் நேர்வது என்ன என்பதை மகாராஷ்டிர மாநிலத்தின் சாகண் நமக்குத் தெளிவாகக் காட்டுகிறது.

வெங்காயச் சந்தையிலிருந்து வாகன நகரம்

புணேயிலிருந்து நாசிக் செல்லும் நெடுஞ்சாலையில் ஏறத்தாழ 30 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது சாகண். வரலாறு படித்தவர்கள் 1660இல் முகலாயப் படையின் முற்றுகையைத் தாங்கிய அதன் கோட்டையை அறிவார்கள். வணிகர்கள் அதன் வெங்காயச் சந்தையை அறிவார்கள். இன்று அதன் பெயர் உலக வாகனத் தொழிலின் வரைபடத்திலும் இடம்பெற்றுள்ளது. பஜாஜ் ஆட்டோ 1999இல் இங்கே ஆலை தொடங்கியது. 2009இல் ஃபோக்ஸ்வாகன் ஆலை திறக்கப்பட்டது. மெர்சிடிஸ் பென்ஸும் அதே ஆண்டில் இங்கு வந்தது. அடுத்த ஆண்டில் மகிந்திரா வந்தது. இவற்றுக்கு உதிரிபாகம் செய்துதரும் சிறு, நடுத்தர நிறுவனங்கள் சுற்றிலும் பெருகின.

இந்த மாற்றம் தானாக நிகழ்ந்ததன்று. 1962இல் அமைக்கப்பட்ட மகாராஷ்டிரத் தொழில் வளர்ச்சிக் கழகம் நிலத்தைக் கையகப்படுத்தி மனைகளாக்கித் தந்தது. மாநில அரசு 1964 முதல் ஊக்கத்தொகைத் திட்டங்களை நடத்தி வருகிறது. வட்டங்களை அவற்றின் வளர்ச்சி நிலைக்கேற்ப வகைப்படுத்தி, பின்தங்கியவற்றுக்குக் கூடுதல் சலுகை தருவது அதன் முறை. மிகப்பெரிய முதலீடுகளுக்கெனத் தனிச் சலுகைத் தொகுப்புகளும் வகுக்கப்பட்டன. ஆலை செலுத்தும் விற்பனை வரியின் ஒரு பகுதியைக் குறிப்பிட்ட ஆண்டுகளுக்குத் திருப்பித் தருவது இவற்றில் முதன்மையானது. நம் திருப்பெரும்புதூரும் மறைமலை நகரும் 1990களில் வாகன ஆலைகளைப் பெற்றபோது தமிழ்நாடும் இத்தகைய போட்டியில்தான் நின்றது.

விட்டுக்கொடுத்த வரியும் ஒரு செலவே

திருப்பித் தரும் வரி வரவு செலவுத் திட்டத்தில் பெரிதாகக் கண்ணில் படுவதில்லை. ஒரு பள்ளியைக் கட்டினால் அது செலவாகப் பதிவாகிறது. வாராமற்போன வரி அவ்வாறு உறுத்துவதில்லை. இதை மக்கள் அறிய வேண்டும் என்பதற்காகவே மத்திய அரசு 2006-07 முதல் வரிச் சலுகைகளால் நேரும் வருவாய் இழப்பைத் தனி அறிக்கையாக வெளியிட்டு வருகிறது. 2019 செப்டம்பரில் நிறுவன வரி குறைக்கப்பட்டபோது ஆண்டுக்கு 1.45 லட்சம் கோடி ரூபாய் வருவாய் குறையும் என அரசே மதிப்பிட்டது.

சலுகை தருவதே தவறு என்று நாம் சொல்லவில்லை. அண்டை மாநிலம் தரும்போது தான் மட்டும் மறுத்தால் ஆலை கைநழுவும் என்ற அச்சம் எல்லா மாநிலங்களுக்கும் உண்டு. வளரும் நாடுகளுக்கிடையிலும் இதே நிலைதான். எல்லோரும் தரும்போது சலுகையின் ஈர்ப்பு மங்குகிறது. இழப்பு மட்டும் நிற்கிறது. பெரும் பன்னாட்டு நிறுவனங்களுக்குக் குறைந்தது 15 விழுக்காடு வரி என்ற உடன்பாட்டுக்கு 2021இல் 130க்கும் மேற்பட்ட நாடுகள் இசைந்தது இந்த ஓட்டப்பந்தயத்துக்கு ஓர் எல்லை வகுக்கத்தான்.

2017 ஜூலையில் வந்த சரக்கு மற்றும் சேவை வரி இந்தக் கணக்கை மேலும் மாற்றியது. இவ்வரி பொருள் செய்யப்படும் மாநிலத்துக்குச் சேர்வதில்லை. நுகரப்படும் மாநிலத்துக்கே சேர்கிறது. சாகணில் செய்த கார் மதுரையில் விற்கப்பட்டால் மாநிலப் பங்கு தமிழ்நாட்டுக்கு வருகிறது. ஆலைகளை வரவழைத்துச் சாலையையும் நீரையும் ஏற்பாடு செய்யும் சுமை மட்டும் மகாராஷ்டிரத்தின் தோளில் இருக்கிறது.

நெரிசலின் விலை

அந்தச் சுமை எத்தகையது என்பதைச் சாகண் சாலைகளில் காணலாம். புணே-நாசிக் நெடுஞ்சாலையும் தளேகாவ் செல்லும் சாலையும் இங்கே சந்திக்கின்றன. உதிரிபாகம் ஏற்றிய லாரிகள், புதிய வாகனங்களைச் சுமக்கும் நீண்ட வண்டிகள், தொழிலாளர் பேருந்துகள், சந்தைக்கு வரும் உழவர் வண்டிகள் யாவும் ஒரே சந்திப்பில் நெருக்குகின்றன. கையிருப்பைக் குறைத்து, தேவைப்படும் நேரத்தில் உதிரிபாகம் வந்துசேரும்படி வேலை செய்வது இன்றைய வாகனத் தொழிலின் வழக்கம். அத்தொழிலில் ஒரு லாரி தாமதித்தால் உற்பத்தி வரிசையே தடுமாறும். வரியில் பெற்ற ஆதாயத்தின் ஒரு பகுதி டீசலாகவும் காத்திருப்பாகவும் கரைந்துபோகிறது.

நாசிக் ஃபாட்டாவிலிருந்து கேட் வரை 30 கிலோமீட்டர் நீளத்துக்கு எட்டு வழி உயர்மட்டச் சாலை அமைக்க மத்திய அமைச்சரவை 2024 ஆகஸ்டில் ஒப்புதல் அளித்தது. மதிப்பீடு 7,827 கோடி ரூபாய். தனியார் கட்டி, சில காலம் நடத்தி, பின்னர் அரசிடம் ஒப்படைக்கும் முறையில் இது அமையவுள்ளது. இத்தகைய சாலைகளில் முதலீடு பொதுவாகச் சுங்கக் கட்டணத்தின் வழியே மீட்கப்படுகிறது. பெரிய ஆலைகள் வந்தது 2009, 2010 ஆண்டுகளில். இந்த ஒப்புதல் வந்தது 2024இல். இடைப்பட்ட ஏறத்தாழ பதினைந்து ஆண்டுகளையும் நாம் இக்கணக்கில் சேர்க்க வேண்டும்.

செலவிலும் இரு வகை

அவ்வாறாயின் அரசு கடன் வாங்கியேனும் செலவிடலாமா? எதற்குச் செலவிடுகிறது என்பதைப் பொறுத்தது அது. தேசியப் பொது நிதி மற்றும் கொள்கை நிறுவனம் 2013இல் வெளியிட்ட ஆய்வொன்று, மூலதனச் செலவாக இடும் ஒரு ரூபாய் நாட்டின் உற்பத்தியை 2.45 ரூபாய் அளவுக்கு உயர்த்தும் என்று மதிப்பிட்டது. மானியம் போன்ற மாற்றுச் செலவுகளில் இது ஒரு ரூபாயை எட்டவில்லை. மத்திய அரசின் மூலதனச் செலவு 2019-20இல் சுமார் 3.36 லட்சம் கோடியாக இருந்தது. 2025-26 திட்டத்தில் 11.21 லட்சம் கோடியாக வளர்ந்திருப்பதற்கு இச்சிந்தனையே அடிப்படை.

வரிக்குறைப்புக்கும் உரிய நேரம் உண்டு. 2008இன் உலக நெருக்கடியில் கார் விற்பனை சரிந்தபோது மத்திய அரசு அவ்வாண்டு டிசம்பரில் உற்பத்தி வரியை 4 விழுக்காட்டுப் புள்ளிகள் குறைத்தது. 2009 பிப்ரவரியில் மேலும் 2 புள்ளிகள் குறைத்தது. ஃபோக்ஸ்வாகன் ஆலை அதற்கடுத்த மாதந்தான் திறக்கப்பட்டது. தேவை வீழும் வேளையில் இத்தகைய குறைப்பு ஆலைகளையும் வேலைகளையும் காக்கும். ஆயினும் 2007-08இல் உள்நாட்டு உற்பத்தியில் 2.5 விழுக்காடாக இருந்த நிதிப் பற்றாக்குறை, செலவுகளும் கூடியதால், 2009-10இல் 6.5 விழுக்காட்டை எட்டியது. 2010இல் வரியின் ஒரு பகுதியை அரசு மீண்டும் உயர்த்த வேண்டியதாயிற்று. மருந்தைக் காய்ச்சல் தணிந்ததும் நிறுத்துவதுபோல, நெருக்கடிக்காலச் சலுகைக்கும் ஒரு முடிவு நாள் வேண்டும்.

நம் சேமிப்பும் இக்கணக்கில் உண்டு

இவை அமைச்சகங்களின் கவலை மட்டுமல்ல. வங்கிகள் தம் வைப்புத்தொகைப் பொறுப்புகளில் குறைந்தது 18 விழுக்காட்டைப் பெரும்பாலும் அரசுக் கடன்பத்திரங்களாக வைத்திருக்க வேண்டும் என்பது விதி. ஆகவே நம் வைப்பில் ஒரு பகுதி அரசுக்குத் தந்த கடனாகவே இருக்கிறது. 2025-26 திட்டப்படி மத்திய அரசின் ஒரு ரூபாய் வரவில் 24 காசு கடன் வழியே வருகிறது. ஒரு ரூபாய் செலவில் 20 காசு வட்டிக்குப் போகிறது. அரசு மிகுதியாகக் கடன் வாங்கினால் பொது வட்டி விகிதம் உயரக்கூடும். வீட்டுக்கடன் வாங்கியவரும் சிறுதொழில் நடத்துபவரும் அதை உணர்வார்கள்.

ஆகவே அடுத்த முறை மத்திய அரசோ மாநில அரசோ தன் வரவு செலவுத் திட்டத்தை வெளியிடும்போது, எந்தப் பொருள் விலை குறையும் என்பதோடு நிறுத்திக்கொள்ளாமல் மூன்று எண்களையும் தேடிப் பார்ப்போம்: மூலதனச் செலவு எவ்வளவு, வாங்கும் கடனில் அன்றாடச் செலவுக்குப் போவது எவ்வளவு, வட்டிக்குப் போவது எவ்வளவு. ஒரு புதிய ஆலைக்குச் சலுகை அறிவிக்கப்பட்டால், அந்த ஆலைக்குச் செல்லும் சாலைக்கு அதே ஆண்டில் பணம் ஒதுக்கப்பட்டுள்ளதா என்றும் கேட்போம். சாகணில் இந்தக் கேள்வி தொடக்கத்திலேயே எழுந்திருந்தால் அந்தச் சந்திப்பில் இன்று லாரிகள் இத்தனை நேரம் காத்துக் கிடக்க நேர்ந்திராது.